இரண்டாவது பாட்டில்

"மலையில யாராவது ஊசி கீசி போட்டாங்களாம்மா?" என்று டாக்டர் க்ளாரா கேட்டபோது ஜிபார் தரையைப் பார்த்தாள். கேள்வி அவளிடம்தான் கேட்கப்பட்டது. குழந்தையைப் பெற்றவள் அவள். மூன்று நாளாக அதன் தலைமாட்டைவிட்டு நகராதவளும் அவள்தான். ஆனால் பதில் அவளுடைய முதுகுக்குப் பின்னாலிருந்து வந்தது.

"ஊசியெல்லாம் ஒண்ணும் போடல டாக்டர். வர்ற வழியில அரை பாட்டில் உப்புத்தண்ணி ஏத்தினேன், அவ்வளவுதான்."

சொன்னவர் அவள் கணவனின் அண்ணன். கல்யாணமாகி இந்த ஏழு வருஷத்தில் ஜிபார் அவருடைய பெயரை ஒரு தடவைகூட வாயால் சொன்னதில்லை. அவர் இருக்கும் இடத்தில் குரலை உயர்த்தியதில்லை, அவர் முகத்தை நேராகப் பார்த்ததும் இல்லை. அவரைப் பற்றிப் பேச வேண்டியிருந்தால் "பெரியவர்" என்பாள். நாரின் மலைகளில் மருமகள்களுக்கு இதை யாரும் உட்காரவைத்துச் சொல்லிக்கொடுப்பதில்லை. மணப்பெண்ணின் முகத்திரையை விலக்கிய நாளிலேயே அது ஒட்டிக்கொள்ளும். புகுந்த வீட்டில் அவள் வாய்க்கு இருந்த வேலை சூப்பில் உப்பு சரியாக இருக்கிறதா என்று பார்ப்பதுதான்.

பெரியவர் படிக்காதவர் அல்ல. மூன்று மேய்ச்சல் வெளிகளுக்கும் அவர்தான் சுகாதார உதவியாளர். முப்பது வருஷமாகக் குதிரையிலும் ஜீப்பிலும் மருந்துப் பெட்டியோடு அலைகிறவர். குழந்தை எர்கேவுக்கு என்ன வியாதி என்று கண்டுபிடித்ததே அவர்தான். ஐந்து வயதுப் பெண் ஒரு வாரமாகக் கிண்ணம் கிண்ணமாகப் புளித்த குதிரைப்பால் குடித்தபோது, "அடேயப்பா, குதிரை மேய்க்கிறவன் மாதிரியில்ல குடிக்கிறா!" என்று கூடாரமே மெச்சியது. படுக்கை நனைந்ததற்கு ஜிபாரைத் திட்டினார்கள். பிள்ளை எலும்பும் தோலுமாகி, மூச்சு இரைக்க ஆரம்பித்த பிறகுதான் பெரியவருக்கு ஆள் அனுப்பினார்கள். அவர் விடியற்காலையில் வந்து குனிந்து அதன் வாயை முகர்ந்தார். அழுகின ஆப்பிள் வாசனை. "சர்க்கரை" என்றார் ஒரே சொல்லில். பக்கத்துக் கூடாரத்துக் கிழவரின் சர்க்கரைக் கருவியை வாங்கி விரலில் குத்திப் பார்த்தார். கருவி எண்ணைக் காட்டவே இல்லை, அவ்வளவு அதிகம்.

அதற்கப்புறம் அவர் செய்ததையெல்லாம் ஜிபார் விளக்கைப் பிடித்துக்கொண்டு பார்த்தாள். ஒரு முழு பாட்டில் உப்புத்தண்ணீரைக் குழாயைத் திறந்துவிட்டு விறுவிறுவென்று ஏற்றினார். கிழவரின் இன்சுலினை வாங்கி வயிற்றில் ஒரு ஊசி போட்டார். இரண்டாவது பாட்டிலில் சோடா மருந்தைக் கலந்தார். "ரத்தம் புளிச்சிருக்கு, சோடா அதை அடக்கிடும். எங்க வாத்தியார் அப்படித்தான் சொல்லிக் கொடுத்தார்" என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டார். பாதி வழியில் ஜீப்பை நிறுத்தி இன்னொரு இன்சுலின் ஊசி. மணி ஐந்துக்கு ஆரம்பித்தது, ஒன்பதரைக்கு ஆஸ்பத்திரி வாசலில் முடிந்தது. வாசலில் இறங்குமுன் காலி பாட்டில்களை இருக்கைக்கு அடியில் தள்ளினார்.

ஏன் மறைக்கிறார் என்று ஜிபாருக்குத் தெரியும். டாக்டரைக் கேட்காமல் ஊசி போட்டதற்காகப் போன குளிர்காலத்தில் அவருக்கு எழுத்தில் எச்சரிக்கை வந்தது. இன்னொன்று வந்தால் வேலை போய்விடும். அவர் போனால் அந்த மூன்று மலைகளுக்கும் வேறு ஆள் கிடையாது.

டாக்டர் க்ளாரா குட்டையான பெண்மணி, ஐம்பத்தைந்து வயது, சாந்தமாகப் பேசத் தெரியாதவர். குழந்தையின் நெஞ்சு ஏறி இறங்குவதைக் கடிகாரம் பார்த்து எண்ணினார். ரத்தம் எடுத்து அனுப்பினார். அங்குள்ள அளவில் ஐந்தாறுதான் சாதாரணச் சர்க்கரை. குழந்தையின் எண்ணைப் பார்த்ததும் புருவம் சுருங்கியது.

"பதினேழுதானா? இவ்வளவு வறண்டு போன குழந்தைக்கு முப்பதுக்கு மேல இருக்கணுமே" என்றார் நர்ஸ் சிர்காவிடம். பிறகு உப்புத்தண்ணி பாட்டிலை மாட்டி, குழாயின் சக்கரத்தைத் தானே திருகிச் சொட்டுகளை எண்ணிவைத்தார். "இதை யாரும் தொடக் கூடாது. நீயும்தான்."

அறைக்கு வெளியே நடைபாதையில் அதற்குள் சொந்தக்காரர்கள் பன்னிரண்டு பேர் சேர்ந்திருந்தார்கள். ரொட்டி, வேகவைத்த ஆட்டிறைச்சி, ஃப்ளாஸ்க்கில் தேநீர் எல்லாம் வந்துவிட்டது. சின்ன மாமியார் ஒருத்தி கதவிடுக்கில் எட்டிப் பார்த்து, "என்னடி இது, எண்ணி எண்ணி விடறாங்க? பிள்ளை தாகத்துல சாகுது, இவங்க சொந்தக் கிணத்துத் தண்ணி மாதிரி மிச்சம் பிடிக்கிறாங்க!" என்று உள்ளே வந்து சக்கரத்தில் கை வைத்தாள். சிர்கா அந்தக் கையை ஒரு தட்டு தட்டினாள்.

"போங்க அத்தை வெளியில. ஆட்டுக்கா தண்ணி காட்றோம்?"

டாக்டர் க்ளாரா எல்லோருக்கும் கேட்கும்படி கதவருகே வந்து நின்றார். "ஒரு தடவைதான் சொல்வேன். கேட்டுக்கங்க. இந்த வியாதியில குழந்தையைக் கொல்றது சர்க்கரை இல்ல. மூளை வீங்கிடும், அதுதான் கொல்லும். எல்லாக் குழந்தைக்கும் வராது. யாருக்கு வரும்? சின்ன வயசு, இவளுக்கு அஞ்சு. வியாதி இருக்குன்னே தெரியாம முதல் தடவையா வந்து படுத்தது, இவ அப்படித்தான். ரத்தம் ரொம்பப் புளிச்சு மூச்சு இப்படி இரைக்கிறது, இருக்கு. ரத்தத்துல யூரியா ஏறினது, அதுவும் இருக்கு. இது நாலும் நம்ம கையில இல்ல. நாம கெடுக்கிறதும் உண்டு. தண்ணியைக் கொட்டக் கூடாது, முதல்லயே இன்சுலினைக் குத்தக் கூடாது, சோடா போடவே கூடாது. புரிஞ்சுதா?"

மூன்றும் நடந்துவிட்டது, வரிசை மாறாமல் நடந்துவிட்டது. அவள் பெரியவரைப் பார்க்கவில்லை. அவருடைய பூட்ஸைப் பார்த்தாள். பூட்ஸ் ஒரு அடி பின்னால் நகர்ந்தது.

டாக்டருக்கு என்ன தோன்றியதோ, ஜிபாரைக் கையைப் பிடித்து ஜன்னலோரம் கூட்டிப்போனார். குரலைத் தாழ்த்தினார்.

"நீ சொல்லும்மா. வைத்தியம் எத்தனை மணிக்கு ஆரம்பிச்சது? ஏன் கேக்கறேன்னா, வீக்கம் உடனே வராது. வைத்தியம் ஆரம்பிச்சு நாலு மணி, ஆறு மணி, பத்து மணி நேரம் கழிச்சுதான் வரும். எந்த மணியிலேர்ந்து எண்றதுன்னு எனக்குத் தெரியணும். இன்சுலின் போட்டாங்களா? சோடா?"

ஜிபார் வாயைத் திறந்தாள். கதவில் பெரியவர் நின்றிருந்தார், கையில் தொப்பியோடு. அவர் அவளை முறைக்கவில்லை. முறைத்திருந்தால்கூடப் பேசியிருப்பாளோ என்னவோ. பாவமாக நின்றார். போன வருஷம் எர்கேவுக்கு நிமோனியா வந்தபோது பனியில் பதினெட்டு கிலோமீட்டர் குதிரையில் வந்தவர். அவள் கணவன் மிர்லான் வேற்று நாட்டு எகாதெரின்பர்க்கில் கட்டட வேலைக்குப் போனதிலிருந்து அடுப்புக்கு நிலக்கரி கொண்டுவந்து போடுகிறவர். 'ஆபத்துன்னா அவரே சொல்லிடுவார். படிச்சவர், அவருக்குத் தெரியாததா?' என்று ஜிபார் தன்னைத்தானே சமாதானப்படுத்திக்கொண்டாள். நல்ல சமாதானம்! தானே நம்பாததைத் தனக்கே விற்றாள்.

"பெரியவர் சொன்னதுதான்" என்றாள்.

டாக்டர் அவள் கையை விட்டார். "அப்ப ஒன்பதரையிலேர்ந்து எண்றேன்" என்று சொல்லிக் குறித்துக்கொண்டார்.

பத்தரைக்கு எர்கே கண் திறந்து அம்மாவைப் பார்த்தாள். தண்ணீர் கேட்டாள். ஈரத்துணியால் உதட்டைத் துடைத்தார்கள். நடைபாதையில் எல்லோரும் முகத்தைக் கைகளால் தடவி ஆமீன் சொன்னார்கள். சின்ன மாமியார் அழுதுகொண்டே எல்லோர் வாயிலும் ரொட்டியைத் திணித்தாள். மிர்லான் போனில் பேசினான். பின்னணியில் இரும்பு அடிக்கும் சத்தம் கேட்டது.

"அண்ணன் கூட இருக்கார் இல்ல? அப்ப எனக்குக் கவலை இல்ல. அவர் சொல்றபடி கேளு" என்றான்.

பதினோரு மணிக்கு மேல் எர்கே தலையைப் பிடித்துக்கொண்டாள். "அம்மா, தலை" என்றாள். இரண்டு நிமிஷம் கழித்து மறுபடி, "தலைம்மா, தலை." பிறகு வாந்தி எடுத்தாள். பிறகு தூங்கினாள். களைப்பில் தூங்குகிறது என்று சின்ன மாமியார் சொன்னாள். ஜிபாருக்கும் அப்படி நம்ப ஆசையாகத்தான் இருந்தது. ஆனால் சிர்கா நாடி பிடித்துவிட்டு ஓடினாள். டாக்டர் வந்தார்.

"எர்கே! கண்ணைத் திற! உன் பேர் என்ன?"

குழந்தை முனகியது.

"இது யாரு? உங்கம்மாவா?"

குழந்தை ஜிபாரைப் பார்த்தது. யாரோ வழிப்போக்கரைப் பார்ப்பதுபோல் பார்த்துவிட்டுக் கண்ணை மூடிக்கொண்டது. பெற்ற நாளிலிருந்து அந்தக் கண் அவளை அப்படிப் பார்த்ததில்லை.

"நாடி நூற்று முப்பத்தாறுலேர்ந்து எண்பதுக்கு வந்திருக்கு" என்றாள் சிர்கா. "சர்க்கரை எட்டு."

"எட்டா? நான் இன்னும் இன்சுலினையே ஆரம்பிக்கல, எப்படி எட்டாகும்?" டாக்டர் க்ளாரா நெற்றியைத் தேய்த்தார். பேச்சு சிர்காவோடுதான், ஆனால் கேள்வி தன்னிடமே. "வீக்கம் மாதிரி இருக்கு. ஆனா ஆரம்பிச்சு ரெண்டு மணி நேரம்தான் ஆகுது, அதுக்குள்ள வராதே. மூளைக்காய்ச்சலா? வீக்கத்தை வத்தவைக்கிற மானிட்டால் ஒரே பாட்டில்தான் இருக்கு. அது உடம்புத் தண்ணியை உறிஞ்சி எடுக்கும். இவ ஏற்கெனவே காஞ்சு கிடக்கா. வீக்கம் இல்லாம அதைப் போட்டா நானே இவளைத் தள்ளிவிட்ட மாதிரி ஆயிடும்."

பெரியவர் உள்ளே வந்தார். "மூளைக்காய்ச்சல்தான் டாக்டர். மாகாண ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோயிடலாம். அங்க படம் எடுக்கிற கருவி இருக்கு. என் ஜீப் வாசல்லயே நிக்குது." அவருடைய முகம் வெளுத்திருந்தது. அவருக்குத் தெரிந்திருக்கிறது என்று அந்த நொடியில் ஜிபாருக்குப் புரிந்தது. தெரிந்தும் ஓடப் பார்க்கிறார், வேறு டாக்டரிடம், வேறு கட்டடத்துக்கு. நடுவில் கணவாய், நாலு மணி நேரப் பாதை.

டாக்டர் தயங்கினார். போனை எடுத்து மாகாணத்துக்கு எண்ணை அழுத்தினார், மறுமுனை எடுக்கவில்லை. சொந்தக்காரர்கள் இரண்டு பேர் அதற்குள் கம்பளியோடு வந்துவிட்டார்கள். ஒருவர் குழந்தையின் தோளுக்கு அடியில் கை கொடுத்தார்.

"ம், தூக்குங்க, தூக்குங்க" என்றார் பெரியவர்.

ஜிபார் கட்டிலுக்கும் அவர்களுக்கும் நடுவில் போய் நின்றாள். ஏழு வருஷம் அமுக்கிவைத்த குரல் எப்படி வரும்? கிறீச்சென்று, அவளுக்கே அன்னியமாக வந்தது.

"சபீர்பெக் சோடா போட்டார்!"

நடைபாதையில் யாரோ "ஐயையோ" என்றார்கள். சோடாவுக்காகச் சொன்ன ஐயையோ அல்ல அது.

"அஞ்சு மணிக்கே ஆரம்பிச்சார் டாக்டர். ஒரு பாட்டில் உப்புத்தண்ணி, குழாயை முழுசாத் திறந்து. ரெண்டாவது பாட்டில்ல சோடா. இன்சுலின் ரெண்டு ஊசி. ஒண்ணு கூடாரத்துல, ஒண்ணு பாதி வழியில. நான்தான் விளக்குப் பிடிச்சேன். பாட்டில் ஜீப்ல இருக்கு, சீட்டுக்கு அடியில."

"வாயை மூடுடி, யார்கிட்ட என்ன பேசறே!" என்று சின்ன மாமியார் பாய்ந்தாள்.

"நீங்க மூடுங்க!" என்றார் டாக்டர் க்ளாரா. அவர் விரலை மடக்கி எண்ணினார். "அஞ்சு, ஆறு, ஏழு… ஆறரை மணி நேரம். வீக்கம்தான். சிர்கா, மானிட்டால்! கட்டில் தலைமாட்டைத் தூக்கு. தண்ணியைப் பாதியாக் குறை. மீதிப் பேரெல்லாம் வெளியில!"

எல்லோரும் போனார்கள். பெரியவர் மட்டும் சுவரோரம் நின்றார், போகச் சொன்னது காதில் விழாதவர்போல. டாக்டர் அவரிடம் திரும்பி, "உண்மையா?" என்று கேட்டார். அவர் ஆம் என்று தலையை ஆட்டினார். "எத்தனை யூனிட்?" என்றதும், "ஆறு, ஆறு" என்றார்.

"இல்ல" என்றாள் ஜிபார். "எட்டு, எட்டு. நீங்க வாய்விட்டு எண்ணினீங்க."

அவர் கண்ணை மூடி யோசித்தார். "எட்டுதான்" என்றார்.

மருந்து இருபது நிமிஷம் இறங்கியது. அந்த இருபது நிமிஷத்தை ஜிபார் சாகும்வரை மறக்கமாட்டாள். சிர்கா நிமிஷத்துக்கொரு தடவை நாடியைச் சொன்னாள். எழுபத்தாறு. எழுபத்தெட்டு. எழுபத்தாறு. டாக்டர் சின்ன டார்ச்சால் கண்மணிகளைப் பார்த்துக்கொண்டே இருந்தார். வெளியே ஒருவர் பிரார்த்தனை ஓதிக்கொண்டிருந்தார். ஜிபார் குழந்தையின் பாதத்தைப் பிடித்துக்கொண்டு, 'என்னை எடுத்துக்கோ, என்னை எடுத்துக்கோ' என்று மட்டும் நினைத்துக்கொண்டிருந்தாள்.

எண்பத்து நாலு. தொண்ணூறு. நூற்று நாலு.

"எர்கே!" என்று டாக்டர் அதட்டினார். "இது யாரு, சொல்லு!"

எர்கே கண்ணைத் திறந்தாள். எரிச்சலோடு பார்த்தாள். "அம்மா" என்றாள். "காலை விடச் சொல்லுங்க, நசுக்கறாங்க."

சிர்கா சிரித்துவிட்டு மூலையில் போய் முகத்தைத் துடைத்துக்கொண்டாள். பெரியவர் சுவரோடு சரிந்து தரையில் உட்கார்ந்து, கையால் முகத்தை மூடிக்கொண்டு குலுங்கிக் குலுங்கி அழுதார். ஜிபார் அழவில்லை. அவள் குழந்தையின் கண்களைப் பார்த்துக்கொண்டிருந்தாள். இடது கண் அவளைப் பார்த்தது. வலது கண் மூக்குப் பக்கமாகத் திரும்பி நின்றது.

"டாக்டர், அந்தக் கண்ணு…"

"பார்த்தேன். வீக்கம் நரம்பை அழுத்தியிருக்கு. பல பேருக்கு மெல்லச் சரியாயிடும்."

"முதல்ல நீங்க கேட்டப்பவே நான் சொல்லியிருந்தா?"

டாக்டர் க்ளாரா ஊசிக்குழாயைத் தட்டில் வைத்தார். இதமாக ஒரு பொய் சொல்லியிருக்கலாம். அது அவருக்கு வராது. "அப்பவே சொல்லியிருந்தா தண்ணியை அப்பவே குறைச்சிருப்பேன். தலைவலின்னு அவ சொன்ன முதல் நிமிஷமே மருந்து ஏறியிருக்கும். கண்ணு இப்படி ஆகியிருக்குமா ஆகாதான்னு எனக்குத் தெரியாதும்மா."

டாக்டர் க்ளாரா மறுபடி போன் செய்ததால், நாலரை மணிக்கு மாகாணத்திலிருந்து அவசரப் பிரிவு டாக்டர் கணவாய் தாண்டி ஆம்புலன்ஸோடு வந்தார். மெலிந்த இளைஞர், கையில் தாள் செருகிய அட்டை. நடைபாதையில் எல்லோரும் எழுந்து வழிவிட்டார்கள். யாரும் ஜிபாரோடு பேசவில்லை. சின்ன மாமியார் அவள் இருந்த பக்கம் திரும்பக்கூட இல்லை.

"குழந்தைக்கு என்னாச்சுன்னு முதல்லேர்ந்து யார் சொல்றீங்க?" என்று கேட்டார் இளைஞர்.

வழக்கப்படி எல்லோர் தலையும் பெரியவர் பக்கம் திரும்பியது. அவர் எழுந்திருக்கவில்லை.

"நான் சொல்றேன், எழுதிக்கங்க" என்று ஜிபார் முன்னால் வந்தாள். தாகத்திலிருந்து ஆரம்பித்தாள். நனைந்த படுக்கை, ஆப்பிள் வாசனை, ஐந்து மணி, முதல் பாட்டில், இரண்டாவது பாட்டில், எட்டு யூனிட், மறுபடி எட்டு யூனிட். அவள் சொல்லச் சொல்ல இளைஞர் எழுதிக்கொண்டே போனார். ஒன்பதரைக்கு வந்ததும் அவள் தாளில் விரலை வைத்தாள்.

"இங்க டாக்டர் என்கிட்ட ரெண்டு தடவை கேட்டாங்க. ரெண்டு தடவையும் எனக்குத் தெரியும், நான் சொல்லல."

இளைஞர் தாளிலிருந்து தலையைத் தூக்கினார். "இது வேண்டாம்மா. இது வைத்தியக் குறிப்பு."

"எழுதுங்க" என்றாள் ஜிபார். "அந்த ரெண்டு மணி நேரத்தையும் எழுதுங்க."